உந்துவிசையைத் திருப்பி ராக்கெட்டை நிமிர்த்துவது: மேசைமேல் செய்து பார்க்க முழுமையான வழிகாட்டி

தென்னாப்பிரிக்காவின் டர்பனில், சாட்ஸ்வொர்த் பக்கத்துக் கோயில் மண்டபம் ஒன்றில் சனிக்கிழமை தமிழ் வகுப்பு முடிந்ததும், பின்னறையில் பத்துப் பன்னிரண்டு பிள்ளைகளோடு நான் செய்யும் வேலை இது. ஒரு மின்விசிறியின் காற்றை இப்படியும் அப்படியும் திருப்பி, அதன்மேல் நிற்கும் ஒரு குழாயை விழாமல் நிமிர்த்தி வைக்க வேண்டும். ராக்கெட்டும் சில போர்விமானங்களும் செய்வது இதைத்தான். அங்கே நெருப்பு, இங்கே காற்று.

இதுவரை ஏழு குழுக்கள் செய்துவிட்டன. ஐந்து குழுக்கள் ஒரே இடத்தில்தான் தடுக்கி விழுந்தன. விசை போதாமல் விழவில்லை. திசை தப்பாகிப்போனதால் விழுந்தன. அதனால் கீழே உள்ள வரிசையில் திசை முன்னால் வரும், அளவு பின்னால் வரும். வரிசையை மாற்றாதீர்கள்.

1. முன்கூட்டியே எடுத்து வைக்க வேண்டியவை

64 மி.மீ. குழாய்விசிறி ஒன்று (கடையில் இ.டி.எஃப். என்று கேளுங்கள்), அதற்கான வேகக் கட்டுப்பாட்டுக் கருவி, 3 செல் லிப்போ (லித்தியம் பாலிமர்) பேட்டரி, உலோகப் பல்லுள்ள 9 கிராம் செர்வோ (சொன்ன கோணத்துக்குத் திரும்பி நிற்கும் சிறு மோட்டார்) இரண்டு, நிரலை ஓட்ட அர்டுயினோ வகைப் பலகை, சாய்வையும் சுழற்சியையும் அளக்க எம்.பி.யு.-6050 சென்சார், 60 செ.மீ. நீளமுள்ள பி.வி.சி. குழாய், இரண்டு சிறிய பேரிங், ஒரு மரச்சட்டம், சமையலறைத் தராசு. ஆளுக்கொரு பாதுகாப்புக் கண்ணாடியும் வேண்டும்.

செர்வோக்களுக்கு 5 வோல்ட்டைத் தனியாகக் கொடுங்கள். பலகையிலிருந்தே எடுத்தால், இரண்டு செர்வோவும் ஒரே நேரத்தில் இழுக்கும்போது மின்னழுத்தம் சரிந்து பலகை மறுபடி தொடங்கிவிடும். தனியாகக் கொடுத்துவிட்டு எதிர்முனைக் கம்பியை எல்லாவற்றுக்கும் பொதுவாக இணைக்க மறந்தால், செர்வோ காய்ச்சல் வந்ததுபோல் நடுங்கும். "செர்வோ கெட்டுப்போச்சு அங்கிள்" என்று யாராவது வந்தால் நான் முதலில் பார்ப்பது அந்தக் கறுப்புக் கம்பியைத்தான்.

பேட்டரியை முந்தின நாள் மாலையே மின்னேற்றி வையுங்கள். லோட்ஷெடிங் (மின்வெட்டு) காலத்தில் ஒட்டிக்கொண்ட பழக்கம் இது; இன்றைக்கும் விடவில்லை. செல் ஒன்றுக்கு 4.2 வோல்ட்டுக்கு மேல் போகக்கூடாது. மின்னேற்றும்போது அதை மண்சட்டிக்குள் வைத்து, பக்கத்திலேயே ஆள் இருக்க வேண்டும். தூங்கும்போது மின்னேற்றுவது வேண்டவே வேண்டாம்.

விசிறியின் வாய் நீண்ட பின்னலையும் துப்பட்டாவையும் உள்ளே இழுக்கும். கட்டி முடிந்து வையுங்கள். வெடிமருந்து எரியும் மோட்டார் பக்கம் போகவே வேண்டாம். இந்த நாட்டில் அது வெடிபொருள் சட்டத்துக்குள் வரும் சமாச்சாரம். பாடத்துக்கு விசிறியே போதும்.

2. எந்தப் பக்கம் தள்ளுவது என்பதை உடம்பால் பழகுங்கள்

கம்பியைத் தொடுவதற்கு முன், ஒரு துடைப்பக்கட்டையை உள்ளங்கையில் நிறுத்திப் பாருங்கள். கட்டையின் தலை வலப்பக்கம் சாய்ந்தால் கை எந்தப் பக்கம் ஓடுகிறது? வலப்பக்கம். தலையைப் பிடித்து இடப்பக்கம் இழுப்பதில்லை. அடியை வலப்பக்கம் தள்ளுகிறோம். அடி தலைக்குக் கீழே போய்ச் சேர்ந்ததும் கட்டை நிமிர்கிறது.

மாரியம்மன் திருவிழாவில் கரகம் எடுத்த பெண் ஒருத்தி எங்கள் குழுவில் இருந்தாள். கரகம் சாயும் பக்கம் உடம்பு தானாக நகரும் என்பது அவளுக்கு யாரும் சொல்லித் தராமலே தெரிந்திருந்தது. குழுவில் திசையை முதல் தடவையிலேயே சரியாகச் சொன்னது அவள் மட்டும்தான்.

இப்போது கைக்குப் பதில் விசிறி. அடி வலப்பக்கம் போக வேண்டுமானால் காற்று இடப்பக்கம் வெளியேற வேண்டும். குழப்பம் தொடங்குவது இங்கேதான். காற்று போகும் திசை வேறு, உடல் தள்ளப்படும் திசை வேறு, இரண்டும் நேரெதிர். ஆகவே, தலை வலப்பக்கம் சாய்ந்தால் காற்று கீழே இடப்பக்கம் பார்க்க வேண்டும். இதை ஒரு தாளில் பெரிதாக எழுதிச் சுவரில் ஒட்டுங்கள். ஏழாம் படியில் தேவைப்படும்.

3. விசையை நீங்களே அளந்துகொள்ளுங்கள்

டப்பாவில் அச்சிட்ட எண்ணை நம்பாதீர்கள். 800 கிராம் என்று எழுதியிருந்த விசிறி எங்கள் தராசில் 610 கிராம்தான் தந்தது. அதாவது சுமார் 6 நியூட்டன்.

அளக்கும் முறையிலும் ஒரு நுணுக்கம் இருக்கிறது. விசிறியை ஒரு கனமான மரக்கட்டையில் இறுக்கி, காற்று மேல்நோக்கி வீசும்படி தராசில் வையுங்கள். தராசு கூடுதலாகக் காட்டும் எடைதான் உந்துவிசை. காற்றைக் கீழ்நோக்கி விட்டால் அது தராசுத் தட்டிலேயே மோதும். மேலே தூக்கும் விசையும் கீழே மோதும் காற்றும் ஒன்றையொன்று தின்றுவிட, கையில் ஒன்றுக்கும் உதவாத எண் மிஞ்சும்.

4. ஈர்ப்பு மையத்தைக் கண்டுபிடித்து அங்கேயே அச்சைப் பொருத்துங்கள்

விசிறி, பேட்டரி, பலகை எல்லாவற்றையும் குழாயில் பொருத்திய பிறகு, குழாயை ஒரு ஸ்கேலின் விளிம்பில் கிடத்திச் சமநிலைப் புள்ளியைக் குறியுங்கள். விசிறி கீழ்முனையில் இருக்கட்டும். பேட்டரியை எங்கே வைப்பது? எல்லோரும் அடியில்தான் வைப்பார்கள், "அடி கனமா இருந்தா விழாதே" என்று. தப்பு. பேட்டரி மேலே இருக்க வேண்டும். ஈர்ப்பு மையம் உயர்ந்தால் அதற்கும் விசிறிக்கும் நடுவிலுள்ள தூரம் நீளும். கதவைக் கீல் பக்கம் தள்ளுவதற்கும் கைப்பிடிப் பக்கம் தள்ளுவதற்கும் உள்ள வித்தியாசம்தான்.

குறியிட்ட புள்ளியில் இரண்டு பக்கமும் பேரிங் வைத்து, மரச்சட்டத்தின் நடுவே குழாயைப் பொருத்துங்கள். ஒரே ஒரு அச்சில் மட்டும், இடமும் வலமுமாக, அது சாய முடிய வேண்டும். சட்டத்தை மேசையோடு கிளாம்ப் போட்டு இறுக்குங்கள்.

இப்போது மின்சாரம் இல்லாமல் ஒரு சோதனை. குழாயை 20 டிகிரி சாய்த்துவிட்டுக் கையை எடுங்கள். விட்ட இடத்திலேயே நிற்க வேண்டும். தானாக நிமிர்ந்தால் அச்சு மையத்துக்கு மேலே இருக்கிறது. அது வெறும் ஊஞ்சல். ஒரு குழு இப்படித்தான் ஊஞ்சலைக் கட்டிவிட்டு, "நிரல் வேலை செய்யுது!" என்று துள்ளியது. செர்வோக் கம்பியைப் பிடுங்கினேன். குழாய் அப்போதும் நிமிர்ந்துதான் நின்றது. துள்ளல் அடங்கிவிட்டது.

5. ஒருமுறை மட்டும் கணக்கு

ஆறாம் படியில் விசிறியை எவ்வளவு சாயவிடலாம் என்று தெரிய வேண்டும். எங்கள் அளவுகள்: உந்துவிசை 6 நியூட்டன், மையத்திலிருந்து விசிறிக்கு 0.25 மீட்டர், மொத்த எடை 900 கிராம்.

விசிறியை 5 டிகிரி திருப்பினால் பக்கவாட்டில் கிடைப்பது 6 நியூட்டனில் 0.087 பங்கு. அதை 0.25 மீட்டரால் பெருக்கினால் திருப்புத்திறன் சுமார் 0.13 நியூட்டன் மீட்டர். குழாயின் நிலைமத் திருப்புத்திறனை (சுழற்ற முயன்றால் எவ்வளவு முரண்டு பிடிக்கும் என்ற அளவு) 0.03 கிலோகிராம் சதுர மீட்டர் என்று வைத்துக்கொள்வோம். சீரான தண்டுக்கு 0.027 வரும்; இங்கே இரு முனைகளும் கனமாக இருப்பதால் கொஞ்சம் கூட்டியிருக்கிறேன். வகுத்தால் நொடிக்கு நொடி சுமார் 250 டிகிரி கோண முடுக்கம். அரை நொடியில் குழாய் 30 டிகிரி புரண்டுவிடும்.

வெறும் 5 டிகிரிக்கே இவ்வளவு. ஆகவே 30 டிகிரி சாயும் கிம்பல் (விசிறியைத் தாங்கித் திரும்பும் வளையச் சட்டம்) கட்டத் தேவையில்லை. எங்கள் நிரலில் எல்லை 8 டிகிரி. பெரிய ராக்கெட்டுகளும் இந்த அளவுகளில்தான் வேலை செய்கின்றன: பி.எஸ்.எல்.வி.யின் இரண்டாம் கட்டத்து விகாஸ் எஞ்சின் 4 டிகிரி வரை, 2011-இல் ஓய்வுபெற்ற அமெரிக்க விண்வெளி ஓடத்தின் முதன்மை எஞ்சின்கள் மேலும் கீழும் 10.5 டிகிரி வரை திரும்பின.

குறைவாகத் திருப்புவதால் நட்டமும் குறைவு. 5 டிகிரி திருப்பினால் நேர் உந்துவிசையில் 0.4 சதவீதம்தான் போகும். 15 டிகிரி என்றால் 3.4 சதவீதம்.

6. கிம்பல், செர்வோ, சென்சார்

கிம்பல் என்பது ஒன்றுக்குள் ஒன்றாக இரண்டு வளையங்கள். விசிறி உள்வளையத்தில் உட்காரும். முதலில் ஒரு அச்சுக்கு மட்டும் செர்வோவை இணையுங்கள். மற்றதை ஒரு திருகால் பூட்டிவிடுங்கள். இரண்டையும் ஒரே நாளில் ஓடவிட்டால் எது தப்பு என்று கண்டுபிடிக்க ஒரு மாதம் ஆகும்.

செர்வோவின் கையை மாட்டுவதற்கு முன்பு அதற்கு மின்சாரம் கொடுத்து 1500 மைக்ரோநொடித் துடிப்பை அனுப்புங்கள். அது நடுநிலைக்கு வந்து நின்ற பிறகு, விசிறி நேராக இருக்கும்படி பிடித்துக்கொண்டு கையை மாட்டுங்கள். மாட்டிவிட்டு மின்சாரம் கொடுத்தால் செர்வோ தன் நடுவைத் தேடிச் சடாரென்று திரும்பும், இணைப்புக்கம்பி வளையும். பல்லில் ஒரு பல் தள்ளி உட்கார்ந்தால் மிச்சக் கோணலை நிரலில் சரிசெய்யுங்கள், கம்பியை வளைத்து அல்ல.

விசிறியை விரலால் ஆட்டிப் பாருங்கள். செர்வோ அசையாமல் விசிறி மட்டும் 1 டிகிரிக்கு மேல் ஆடினால் இணைப்புத் துளை தளர்ந்திருக்கிறது. அந்தத் தளர்ச்சியை எந்த நிரலாலும் தீர்க்க முடியாது. குழாய் நடுவில் ஓயாமல் இழுத்துக்கொண்டே இருக்கும்.

சென்சாரை ஈர்ப்பு மையத்துக்கு அருகில், தடித்த பஞ்சு ஒட்டுநாடாவில் ஒட்டுங்கள். விசிறியின் அதிர்வு நேராக அதற்குள் போனால் சாய்வு எண் குதியாட்டம் போடும். சென்சாருக்குள்ளேயே இருக்கும் வடிப்பானை 40 ஹெர்ட்ஸ் அளவில் வைத்தால் இன்னும் அடங்கும்.

மின்சாரம் கொடுத்த முதல் 3 நொடி குழாயைத் தொடாதீர்கள். கைரோ (சென்சாரில் சுழலும் வேகத்தை அளக்கும் பகுதி) அசையாமல் இருக்கும்போதும் ஏதோ ஒரு சிறு எண்ணைக் காட்டும். நிரல் அந்த நேரத்தில் அதை அளந்து கழித்துக்கொள்கிறது. அப்போது குழாயை அசைத்தால் அந்த அசைவையே பூஜ்யம் என்று நம்பிவிடும்.

இன்னொரு சிக்கல் இருக்கிறது. மேசைமேல் அது கண்ணில் படாது. சட்டத்தில் இருக்கும்போது முடுக்கமானி சாய்வைச் சரியாகவே சொல்லும், ஏனென்றால் சட்டம் குழாயைத் தாங்குகிறது. உண்மையில் பறக்கும் ராக்கெட்டில் அது சொல்லாது. அங்கே முடுக்கமானி உணர்வது எஞ்சின் தள்ளும் விசையை. அது எப்போதும் உடலின் நீளவாக்கிலேயே இருக்கும். ராக்கெட் படுத்துக்கொண்டு பறந்தாலும் "நேராக நிற்கிறேன்" என்றுதான் அது சொல்லும். ஆகவே தொடக்கத்தில் ஒருமுறை முடுக்கமானியிடம் கேளுங்கள், அப்புறம் கைரோவின் கோண வேகத்தைக் கூட்டிக்கொண்டே போங்கள்.

7. காகிதநாடா சோதனை

மொத்த வழிகாட்டியிலும் ஒரே ஒரு படியை மட்டும்தான் செய்வீர்கள் என்றால் இதைச் செய்யுங்கள்.

மெல்லிய காகிதநாடா ஒன்றை விசிறியின் வெளிவாயில் ஒட்டுங்கள். விசிறியை ஆகக் குறைந்த வேகத்தில் ஓடவிடுங்கள். நாடா படபடத்துக் காற்றின் திசையைக் காட்டும். நிரலை ஓட்டி, குழாயைக் கையால் வலப்பக்கம் சாயுங்கள். சுவரில் ஒட்டிய தாளைப் பாருங்கள். சாய்ந்த குழாயின் நேர்க்கோட்டிலிருந்தும் விலகி நாடா இடப்பக்கம் பறக்க வேண்டும். இடப்பக்கம் சாய்த்தால் வலப்பக்கம்.

மாறிப் பறந்தால் நிரலில் ஒரே ஒரு கழித்தல் குறியை மாற்றுங்கள். ஒரே இடத்தில் மட்டும். செர்வோவைத் திருப்பி மாட்டி, குறியையும் மாற்றினால், இரண்டும் ஒன்றையொன்று தின்றுவிட, மறுபடி தப்பாகவே முடியும். அதைத்தான் பிள்ளைகள் செய்கிறார்கள், பதற்றத்தில்.

பிள்ளைகள் மட்டுமில்லை. 2013 ஜூலை 2 அன்று பைக்கானூரிலிருந்து கிளம்பிய ரஷ்யாவின் புரோட்டான்-எம் சில நொடிகளிலேயே தலைகுப்புறத் திரும்பி, மூன்று குளோனாஸ் வழிகாட்டிச் செயற்கைக்கோள்களோடு தரையில் விழுந்தது. கோண வேக சென்சார்களைத் தலைகீழாகப் பொருத்தியிருந்தார்கள். 2020 நவம்பரில் ஐரோப்பாவின் வேகா ராக்கெட்டில் நான்காம் கட்டத்தின் உந்துவிசைத் திசைதிருப்பிக்குப் போகும் கேபிள்கள் மாறிக் கிடந்தன. ஸ்பெயினின் ஒரு செயற்கைக்கோளும் பிரான்சின் ஒன்றும் போயின. இரண்டிலும் எஞ்சின் நன்றாகத்தான் எரிந்தது. திருப்பச் சொன்ன கட்டளை தப்பான பக்கம் போனது, அவ்வளவுதான்.

திசை தப்பாக இருந்தால் கட்டுப்பாடு இல்லாமல் இருப்பதைவிட மோசம். சாய்வு கூடக்கூட நிரல் இன்னும் பலமாகத் தப்பான பக்கமே தள்ளும்.

8. எண்களை ஏற்றுங்கள்: முதலில் பி, உடனே டி, கடைசியில் ஐ

பி என்பது ஒரு டிகிரி சாய்வுக்கு விசிறி எத்தனை டிகிரி திரும்ப வேண்டும் என்பது. 0.4-இல் தொடங்குங்கள். விசிறிக்கு முழு வேகம் கொடுத்துக் குழாயை லேசாகத் தட்டுங்கள். அது நிமிரும், ஆனால் நடுவில் நிற்காமல் அந்தப் பக்கம் போய்த் திரும்பும். எங்கள் அளவுகளுக்கு ஒரு ஆட்டத்துக்கு 1.4 நொடி. செர்வோ திரும்ப எடுக்கும் சிறு தாமதத்தால் ஆட்டம் ஒவ்வொரு தடவையும் வளரும். பயப்படாதீர்கள், கையால் பிடித்து நிறுத்துங்கள். பி மட்டும் இருந்தால் அப்படித்தான்.

டி என்பது பிரேக். குழாய் நிமிர்ந்து வரும் வேகத்தைப் பார்த்து, நடுவை எட்டும் முன்பே எதிர்ப்பக்கம் தள்ளத் தொடங்கும். 0.12 கொடுங்கள். இப்போது தட்டினால் ஒரு சிறு தாண்டலோடு அடங்க வேண்டும். மளமளவென்று நடுங்கினால் டி அதிகம், அல்லது சென்சாருக்கு அதிர்வு போகிறது. விசிறி ஓடும்போதே குழாயைக் கையால் அசையாமல் பிடித்துப் பாருங்கள். அப்போதும் செர்வோ நடுங்கினால் அதிர்வுதான் காரணம்.

பியும் டியும் போட்ட பிறகும் குழாய் 2 டிகிரி சாய்ந்தே நின்றால் உடனே ஐ (தீராமல் நிற்கும் சாய்வை நேரம் போகப்போகக் கூட்டிச் சேர்த்துத் தள்ளும் எண்) சேர்க்கத் துடிப்பார்கள். முதலில் விசிறி நேராக உட்கார்ந்திருக்கிறதா என்று மூலைமட்டம் வைத்துப் பாருங்கள். கோணலான எஞ்சினை ஐ மறைக்கும், சரிசெய்யாது. அப்படியும் வேண்டுமானால் மிகச் சிறிய ஐ போதும். குழாயைக் கையில் பிடித்திருக்கும் நேரத்தில் ஐ கணக்குக் கூடாமல் நிரலில் தடை போடுங்கள். இல்லாவிட்டால் நீங்கள் பிடித்திருக்கும் நேரமெல்லாம் அது கோபத்தைச் சேர்த்துவைத்து, விட்டதும் ஒரே அடியாகக் காட்டும்.

மண்டபக் கதவுகளைச் சாத்திவிட்டுச் சோதியுங்கள். பெர்க் காற்று (மலைப்பக்கமிருந்து வரும் வெப்பக் காற்று) அடிக்கிற நாளில் புழுக்கம் தாங்காது, ஆனாலும் திறக்காதீர்கள். எண்கள் படிந்த பிறகு திறந்து, காற்றோடு மல்லுக்கட்டுவதைப் பார்க்கலாம்.

9. இரண்டாம் அச்சு, அப்புறம் தீராத உருள்வு

முதல் அச்சு படிந்ததும் பூட்டிய திருகை எடுத்துவிட்டு, இரண்டாவதற்கு ஆறு முதல் எட்டு வரையுள்ள படிகளை அப்படியே திரும்பச் செய்யுங்கள். குழாயைத் தாங்கவும் இரட்டை வளையச் சட்டம் தேவைப்படும். வேகமாகச் சுழலும் விசிறி ஒரு பம்பரம் என்பதால், ஒரு அச்சில் திருப்பினால் மற்ற அச்சிலும் கொஞ்சம் உதைக்கும். டி சரியாக இருந்தால் அதைச் சமாளித்துவிடும்.

உருள்வு வேறு கதை. விசிறி ஒரு பக்கம் சுழன்றால் குழாய் தன் நீள அச்சில் எதிர்ப்பக்கம் முறுக்கப் பார்க்கும். நடுவில் இருக்கும் ஒரே ஒரு விசிறியை எப்படிச் சாய்த்தாலும் அதைத் தடுக்க முடியாது, ஏனென்றால் விசை அந்த அச்சின் வழியாகவே போகிறது. காற்றோட்டத்தில் சிறு தகடுகளை வைக்கலாம், அல்லது எதிரெதிராகச் சுழலும் இரண்டு விசிறிகளை வைக்கலாம். பெரிய ராக்கெட்டிலும் ஒற்றை எஞ்சின் கட்டத்துக்கு உருள்வைத் தடுக்கச் சிறு உந்திகள் தனியே வேண்டியிருக்கும். பல எஞ்சின் இருந்தால் அவற்றை ஒன்றுக்கொன்று எதிராகத் திருப்பிச் சமாளிப்பார்கள். சாட்டர்ன் V-இன் முதல் கட்டத்தில் நடு எஞ்சின் அசையாது. சுற்றியிருக்கும் நான்கு மட்டுமே திரும்பும்.

10. இதையே விமானத்தில் பொருத்திப் பார்த்தால்

குழாயைப் படுக்கப் போட்டு நினைத்துக்கொள்ளுங்கள். எஞ்சின் வாய் மையத்துக்குப் பின்னால். காற்று மேல்நோக்கிப் போனால் வால் கீழே அமுங்கும், மூக்கு உயரும். இங்கேயும் அதே எதிர்த்திசை விதிதான்.

வால் தகடுகள் இருக்கும்போது இது எதற்கு என்று கேட்பார்கள். தகட்டின் விசை வேகத்தின் வர்க்கத்தைப் பொறுத்தது. வேகம் பாதியானால் விசை கால்வாசி. மெதுவாக, மூக்கை உயர்த்தி, சிறகில் காற்றோட்டம் கலைந்த நிலையில் தகடுகள் சும்மா ஆடிக்கொண்டிருக்கும். எஞ்சின் எரிகிற வரை அதன் தள்ளல் மட்டும் இருக்கும். அமெரிக்காவின் எஃப்-22 போர்விமானத்தின் எஞ்சின் வாய்கள் மேலும் கீழும் 20 டிகிரி மட்டுமே திரும்பும். சுகோய்-30 எம்.கே.ஐ.யில் ஒவ்வொன்றும் ஒரே தளத்தில்தான் ஆடும், ஆனால் அந்தத் தளங்கள் வெளிப்புறம் சாய்ந்திருப்பதால், இரண்டையும் வேறுவேறாக ஆட்டினால் பக்கவாட்டுத் திருப்பமும் உருள்வும் கிடைக்கும். தென்னாப்பிரிக்க விமானப்படையின் கிரிப்பனில் இது கிடையாது. முன்சிறகுகளை வைத்தே சமாளிக்கிறது.

எல்லா ராக்கெட்டுக்கும் இது கட்டாயம் என்றும் நினைக்க வேண்டாம். நம் குவாசூலு-நட்டால் பல்கலைக்கழகத்தார் 2021 மார்ச்சில் ஓவர்பெர்க் தளத்திலிருந்து ஏவிய ஃபீனிக்ஸ் ராக்கெட் 17.9 கி.மீ. உயரம் போனது, வாலில் உள்ள நிலைத்தகடுகளை நம்பி. ஏவும் தண்டவாளத்தை விட்டுக் கிளம்பும்போதே போதுமான வேகம் இருந்தால் தகடு போதும். மெதுவாக எழும் கனமான ராக்கெட்டுக்கும் காற்றே இல்லாத உயரத்துக்கும்தான் வாயைத் திருப்ப வேண்டியிருக்கிறது.

11. கழற்றும்போது

செர்வோ கம்பிகள் இரண்டும் பார்க்க ஒன்றுபோலவே இருக்கும். கழற்றுவதற்கு முன்பே ஒன்றுக்குச் சிவப்பு நாடா, மற்றதற்கு மஞ்சள் நாடா, பலகையில் அவை போகும் இடத்துக்கும் அதே நிறம். படிந்த பி, டி எண்களைக் குழாயின் மேலேயே மார்க்கரால் எழுதிவிடுங்கள்.

இதைச் செய்யாமல் ஒருமுறை எல்லாவற்றையும் பக்கியின் (பின்பக்கம் திறந்த சிறு வண்டி) பின்னால் அள்ளிப்போட்டு வேறொரு மண்டபத்துக்குக் கொண்டுபோனேன். பெற்றோர் முன்னிலையில் முழு வேகம் கொடுத்ததும் குழாய் சட்டத்தில் மோதி, விசிறி இதழ் மூன்று தெறித்தன. கம்பி மாறியிருந்தது. கண்ணாடி போட்டிருந்ததால் யாருக்கும் ஒன்றும் ஆகவில்லை. இப்போதெல்லாம் பெட்டியைத் திறந்ததும் முதலில் வெளியே வருவது காகிதநாடாச் சுருள்தான்.